வசனம் நிறைந்த சிறிய படத்துக்குச் சூழல் இசை: எங்கே வைப்பது, எதில் செய்வது, எப்படிக் கொடுப்பது?

நாணல்

வணக்கம். பாட்டே இல்லாத 96 நிமிடப் படம் ஒன்றுக்கு ஆர்.ஆர். (பின்னணி இசை) செய்ய வேண்டும். கதை முழுக்க ஒரு தோட்டத்து வீடு, கிணற்றடி, பம்புசெட் அறை. பாதிக்கு மேல் இரவுக் காட்சிகள். சிங்க் சவுண்டில் எடுத்தது, டப்பிங் கிடையாது. பிக்சர் லாக் ஆகிவிட்டது, அதாவது எடிட் முடிந்துவிட்டது. மெட்டு என்று மனதில் நிற்கும் எதுவும் வேண்டாம், அந்த வீட்டுக்குள் இருக்கும் இறுக்கம் மட்டும் கேட்டால் போதும் என்கிறார் இயக்குநர்.

ரீப்பர் மென்பொருள், இரண்டு சேனல் ஆடியோ இன்டர்ஃபேஸ், ஒரு கண்டென்சர் மைக், பத்துக்குப் பத்து அறை. இவ்வளவுதான் கருவிகள். ஒலி லைப்ரரி வாங்க பட்ஜெட் இல்லை.

எத்தனை நிமிடம் இசை வைக்கலாம்? சின்த் பேட் ஒன்றைப் போட்டால் வசனம் மங்குகிறது, அளவைக் குறைத்தால் இசை இருப்பதே தெரியவில்லை. இதற்கு என்ன வழி? கீழ்ஸ்தாயி எல்லாம் லேப்டாப்பில் காணாமல் போகிறதே, அதை எப்படிச் சரிசெய்வது? கடைசியாக, மிக்ஸிங்குக்கு எந்த வடிவத்தில் கொடுக்க வேண்டும்? தெரிந்தவர்கள் விவரமாகச் சொன்னால் உதவியாக இருக்கும்.

கார்வை

96 நிமிடத்துக்கு 25 முதல் 35 நிமிடம் இசை போதும் என்பது என் அபிப்பிராயம். மாறாமல் ஒலிக்கும் எதையும் காது கொஞ்ச நேரத்தில் கணக்கிலிருந்து தள்ளிவிடும். அப்புறம் இசை நிற்கும் இடம் மட்டும்தான் பார்ப்பவருக்கு உறைக்கும். அந்த நிறுத்தத்தைப் படத்தில் இரண்டு மூன்று இடங்களில் திட்டமிட்டுப் பயன்படுத்தலாம். தெரியாமல் நடந்தால் காட்சி வெறிச்சோடிப் போகும்.

ஸ்பாட்டிங்குக்கு, அதாவது எங்கெங்கே இசை என்று முடிவு செய்ய உட்காரும்போது, எடிட்டர் தற்காலிகமாகப் போட்ட டெம்ப் மியூசிக்கை ம்யூட் செய்யச் சொல்லுங்கள். வெறும் ஒலியோடு ஒரு முறை முழுப் படத்தையும் பாருங்கள். பிறகு ஒரு தாளில் ஒவ்வொரு கியூவுக்கும் (ஒரு தனி இசைத் துண்டு) நுழையும் டைம்கோடு, வெளியேறும் டைம்கோடு, இங்கே இசை எதற்கு, காட்சியில் இருப்பவர்களில் யாருக்கு என்ன தெரியும் என்று எழுதுங்கள். ‘எதற்கு’ என்ற இடத்தில் ‘காட்சி மெதுவாகப் போகிறது’ என்று மட்டும் எழுத வருமானால் அந்தக் கியூவை அடித்துவிடுங்கள். அது எடிட்டில் தீர வேண்டிய விஷயம்.

நுழையும் இடத்தில்தான் பாதி வேலை இருக்கிறது. ஷாட் மாறும் அதே ஃப்ரேமில் இசை வந்தால் எல்லோருக்கும் தெரிந்துவிடும். காட்சியிலேயே இருக்கும் ஒரு ஓசைக்கு அடியில் நுழையுங்கள். உங்கள் படத்தில் பம்புசெட் இருக்கிறது, அதைவிட நல்ல மறைவு கிடையாது. எப்படி என்று சொல்கிறேன்.

மோட்டார் ஓடும் ஷாட்டின் ஒலியை ஸ்பெக்ட்ரம் அனலைசரில் பாருங்கள். நிமிடத்துக்கு 2,880 சுற்று ஓடும் மோட்டார் என்றால் சுழற்சி ஒலி 48 ஹெர்ட்ஸில் இருக்கும், அதன் இரட்டிப்பு 96இல். மின்சாரத்தின் காந்த உறுமல் 100இல் தனியாக நிற்கும். இந்த இரண்டுக்கும் 4 ஹெர்ட்ஸ் வித்தியாசம் இருப்பதால்தான் மோட்டார் சத்தத்தில் ஒரு துடிப்பு கேட்கிறது. உங்கள் டிரோனை (மாறாமல் நீளும் ஒற்றை ஸ்வரம்) 96 ஹெர்ட்ஸுக்குச் சுருதி சேருங்கள். அது 5 கட்டையைவிட 36 சென்ட் (ஒரு சென்ட் என்பது அரைஸ்வரத்தில் நூறில் ஒரு பங்கு) கீழே வரும். மோட்டார் நிற்பதற்கு 20 நொடி முன்பு பூஜ்ஜியத்தில் தொடங்கி, நிற்கும் நொடியில் மோட்டாரைவிட 12 டெசிபல் கீழே இருக்கும்படி மெல்ல ஏற்றுங்கள். ஸ்விட்ச் அணைகிறது. மோட்டார் போய்விட்டது, டிரோன் மட்டும் மீதி. 3 நொடி அதைத் தொடாதீர்கள். அதன்பின் மேல் ஒலிகளை வெட்டும் லோ-பாஸ் ஃபில்டரை 300 ஹெர்ட்ஸிலிருந்து 1,200 வரை 25 நொடியில் திறந்துகொண்டே போங்கள். இசை எங்கே தொடங்கியது என்று யாராலும் சொல்ல முடியாது. மோட்டார் நின்றபின்னும் எதுவோ நிற்கவில்லை என்பது மட்டும் உடம்புக்குத் தெரியும். வசனம் தொடங்கினால் ஃபில்டரைத் திரும்ப 500க்குக் கீழே கொண்டுவந்துவிடுங்கள்.

சின்த்தில் அட்டாக் (ஒலி முழு அளவுக்கு ஏறும் நேரம்) 5 நொடி வைத்திருந்தால் கிளிப்பை, நீங்கள் நினைக்கும் இடத்துக்கு 5 நொடி முன்பே வைக்க வேண்டும். இதை மறந்துவிட்டு ‘லேட்டாக வருகிறது’ என்று வால்யூமை ஏற்றுகிறவர்கள் நிறைய. ஏற்றினால் அந்தக் கியூவின் பின்பாதி கனத்துவிடும், நுழைவு அப்படியே தாமதமாகத்தான் இருக்கும்.

ஸ்வரங்களைப் பற்றி ஒன்று. நம் காதுக்கு ராகம் சீக்கிரம் பிடிபட்டுவிடும். ஸ, ரி1, ம1, ப, நி2 என்று ஐந்தையும் வைத்து ஒரு சின்னக் கமகம் கொடுத்தாலே ரேவதி வந்து உட்கார்ந்துவிடும், கூடவே பக்தியும் வரும். இறுக்கம்தான் வேண்டுமென்றால் ஸ, ப இரண்டோடு ரி1ஐ மட்டும் அளவாகச் சேர்த்து, காந்தாரத்தைப் படம் முழுக்கத் தள்ளி வையுங்கள். மகிழ்ச்சியா துயரமா என்று இசை முடிவு சொல்லாமல் இருக்கும். காந்தாரத்தைக் கடைசி ரீலில் ஒரே ஒரு இடத்தில் திறந்தால் அதற்குள்ள பலமே தனி. ஸ்வரங்களை நேராக நிறுத்துங்கள், அசைக்காதீர்கள். அசைவு வேண்டுமானால் ஒரே ஸ்வரத்தை இரண்டு குரலில் 8 சென்ட் விலக்கி வையுங்கள். 110 ஹெர்ட்ஸில் அது சுமார் அரை ஹெர்ட்ஸ் வித்தியாசம், இரண்டு நொடிக்கு ஒரு அலை. ஒரு ஸ்தாயி மேலே போனால் அதே 8 சென்ட்டுக்கு நொடிக்கு ஒரு அலை என்று வேகம் இரட்டிப்பாகும். அதனால் மேல்ஸ்தாயியில் விலகலைப் பாதியாக்குங்கள்.

லூப் வைத்தால் எல்லாவற்றையும் ஒரே நீளத்தில் வெட்டாதீர்கள். 17, 23, 29 நொடி என்று மூன்று அடுக்கு வைத்தால் அதே சேர்க்கை திரும்ப வர மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகும். 16, 16, 32 என்று வைத்தால் அரை நிமிடத்தில் காது கண்டுபிடித்துவிடும்.

பித்தளைக்குடம்

கருவி இல்லை என்பதை ஒரு குறையாக நினைக்க வேண்டாம். இந்தப் படத்துக்குத் தேவையான ஒலி அந்தக் கிணற்றடியிலேயே இருக்கிறது: ராட்டினம், இரும்பு வாளி, பித்தளைக் குடம், பம்புசெட் குழாய், கம்பி வேலி. இவற்றின் மேலேயே ஒட்டி அதிர்வை எடுக்கும் கான்டாக்ட் மைக்கில் எடுங்கள்.

அந்த மைக்காகப் பயன்படும் 27 மில்லிமீட்டர் பீசோ டிஸ்க் எலக்ட்ரானிக்ஸ் கடையில் மலிவாகக் கிடைக்கும். பித்தளைத் தட்டில் கவச வயரையும் நடுவில் இருக்கும் வெள்ளைப் பரப்பில் உள்வயரையும் சால்டர் செய்ய வேண்டும். வெள்ளைப் பரப்பில் சால்டரிங் அயர்னை இரண்டு நொடிக்கு மேல் வைத்தால் பூச்சு உரிந்து வந்துவிடும். சாதாரண இரட்டை வயர் போட்டால் 50 ஹெர்ட்ஸ் இரைச்சல் புகும், ஷீல்டட் வயர்தான் வேண்டும்.

பலர் தவறும் இடம் அடுத்தது. இதை மைக் இன்புட்டில் செருகாதீர்கள், ஹை-இசட் என்று போட்டிருக்கும் கிட்டார் இன்புட்டில் செருகுங்கள். டிஸ்க்கின் கெப்பாசிட்டன்ஸ் சுமார் 20 நானோஃபாரட். மைக் இன்புட்டின் மின்தடை 2 கிலோ ஓம் அளவில் இருக்கும். இரண்டும் சேர்ந்து 4 கிலோஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதெல்லாம் தேயும் ஒரு ஹை-பாஸ் ஃபில்டர் ஆகிவிடும். ‘பீசோ தகரம் மாதிரி கேட்கிறது’ என்ற புகார் பெரும்பாலும் இதனால்தான் வருகிறது. அதே டிஸ்க்கை 1 மெகா ஓம் இன்புட்டில் கொடுத்தால் வெட்டு 8 ஹெர்ட்ஸுக்குப் போய்விடும், குடத்தின் அடிவயிறு முழுசாக வரும்.

குடத்தின் வாய் விளிம்பில் வயலின் வில்லை இழுங்கள். வில்லுக்குக் கொஞ்சம் அதிகமாகவே ரோசின் வேண்டும். குடத்தைத் தரையில் வைக்காமல் தேங்காய் நார்ச் சும்மாட்டின் மேல் வையுங்கள், இல்லாவிட்டால் அதிர்வு தரைக்குப் போய்ச் செத்துவிடும். வில்லை மெதுவாக, அழுத்தி இழுத்தால் அடி ஸ்வரம் வரும். வேகமாக, லேசாக இழுத்தால் மேல் ஓசைகள் வரும். டிஸ்க்கை விளிம்பிலிருந்து நான்கு விரல் கீழே இரட்டை டேப்பில் ஒட்டுங்கள். விளிம்பிலேயே ஒட்டினால் வில் உராயும் சத்தம் ஸ்வரத்தை மூடிவிடும். குடத்தில் பாதி வரை தண்ணீர் ஊற்றிச் சாய்த்துக்கொண்டே இழுத்தால் சுருதி வழுக்கும். இரவுக் காட்சிகளுக்கு அந்த வழுக்கல் ஒன்றே போதும்.

பதிவு 96 கிலோஹெர்ட்ஸில் இருக்கட்டும். பிறகு பாதி வேகத்துக்கு இறக்கும்போது மேல் அலைகள் மிஞ்சும். 48இல் எடுத்துப் பாதியாக்கினால் 12 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் ஒன்றுமே இருக்காது, போர்வைக்குள்ளிருந்து வருகிற மாதிரி மங்கும். உங்கள் கண்டென்சர் மைக் 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் எதையும் எடுக்காவிட்டால் 96இல் லாபம் குறைவு. பீசோவுக்கு அந்தப் பிரச்சினை இல்லை.

பதிந்த ஓசையை நீட்டுவதற்கு ஆடாசிட்டி மென்பொருளிலேயே பால்ஸ்ட்ரெச் எஃபெக்ட் இருக்கிறது, இலவசம். நீட்டும் முன் மூன்று வேலை. தட்டும் ஓசையின் முதல் கால் நொடியை வெட்டி எறியுங்கள், இல்லாவிட்டால் அந்த ‘டக்’ ஒரு அழுக்குப் படலமாக நீளும். 60 ஹெர்ட்ஸில் ஹை-பாஸ் போடுங்கள். சுருதியைச் சரிசெய்யுங்கள், ஏனென்றால் நீட்டுவதால் சுருதி மாறாது, பிசகு அப்படியே வரும். 3 நொடி ஓசையைப் பத்து மடங்கு நீட்டினால் அரை நிமிடம் கிடைக்கும். டைம் ரெசல்யூஷன் 0.25 நொடியில் மூலத்தின் சாயல் தெரியும், 1 நொடிக்கு மேல் போனால் எல்லாம் ஒரே மேகமாகிவிடும். 50 மடங்கு நீட்டினால் குடமும் ராட்டினமும் ஒரே மாதிரிதான் கேட்கும். அவ்வளவு தூரம் போனால் கிணற்றடிக்குப் போய் எடுத்ததற்கே அர்த்தமில்லை. 6 முதல் 12 மடங்கோடு நிறுத்துங்கள்.

ரிவெர்பும் கிணற்றிலிருந்தே எடுக்கலாம். 20 ஹெர்ட்ஸிலிருந்து 20 கிலோஹெர்ட்ஸ் வரை ஏறும் 20 நொடி சைன் ஸ்வீப்பை ஒரு ஸ்பீக்கரில் கிணற்றுக்குள் ஒலிக்க விட்டு, மைக்கைக் கயிற்றில் இறக்கிப் பதிவு செய்யுங்கள். ரீப்பரோடு வரும் ரியாவெர்பில் அதை டீகன்வால்வ் செய்து, அதாவது ஸ்வீப்பைக் கழித்து, கிணற்றின் எதிரொலிப்பை மட்டும் இம்பல்ஸாக எடுத்துவிடலாம். பக்கத்து மோட்டார் ஓடாத நேரம் பார்த்துச் செய்யுங்கள். ஸ்வீப் முடிந்தபின் 6 நொடியாவது பதிவு ஓடட்டும். சின்ன புளூடூத் ஸ்பீக்கரில் 150 ஹெர்ட்ஸுக்குக் கீழே ஒன்றும் வராது, கிணற்றின் முழக்கமோ அங்கேதான் இருக்கிறது. கொஞ்சம் பெரிய ஸ்பீக்கராக இரவல் வாங்குங்கள்.

மிக்ஸ் மேசை

மேலே ரெண்டு பேரும் நல்லா சொல்லியிருக்காங்க. பித்தளைக்குடம் சொன்னதோட ஒரு எச்சரிக்கை மட்டும் சேத்துக்கறேன். குடம், ராட்டினம் மேல வாசிச்சு எடுத்தது இசைதான், அதுல பிரச்சினை இல்ல. ஆனா லொகேஷன்ல எடுத்த காத்து, பூச்சிச் சத்தம், தூரத்துப் பேச்சு இதையெல்லாம் மியூசிக் டிராக்குக்குள்ள கலந்து கொடுக்காதீங்க. சவுண்ட் டிசைனர் அதே காத்தைத் தனியா வெச்சிருப்பார். ரெண்டும் சேரும்போது எது எங்க இருந்து வருதுன்னு தெரியாம மொத்தமா இறக்க வேண்டியதாயிடும். இன்னொன்னு, நாளைக்குப் படம் தெலுங்குக்கோ இந்திக்கோ போகும்போது வசனம் நீங்கலா இசையும் ஓசையும் மட்டும் இருக்கிற எம் அண்ட் இ டிராக் கேப்பாங்க. உங்க மியூசிக்ல தமிழ்ப் பேச்சு முணுமுணுன்னு கிடந்தா அது தள்ளுபடி ஆயிடும். லொகேஷன் ஒலி வேணும்னா தனி ஸ்டெம்மா (தனிக் கோப்பா எடுத்த ஒரு ஒலி அடுக்கு) கொடுங்க, பேர்லயே தெரியற மாதிரி.

வசனம் மங்குற விஷயம். பேட்னு சொல்றது கீழ இருந்து மேல வரைக்கும் நிறைஞ்சு நிக்கிற ஒலி. பேச்சுல எழுத்தைப் பிரிச்சுக் காட்டுறது 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸ், அதுலதான் அது போய் உக்காருது. அளவைக் குறைக்கிறது தீர்வு இல்ல, நடுவைக் காலி பண்ணுங்க. பேச்சு ஓடும்போது 700 ஹெர்ட்ஸுக்குக் கீழ ஒரு அடுக்கு, 6 கிலோஹெர்ட்ஸுக்கு மேல மெல்லிசா ஒரு அடுக்கு, நடுவுல ஒன்னும் வேணாம். ரெண்டு வசனத்துக்கு நடுவுல 2 நொடிக்கு மேல இடைவெளி இருந்தா அங்க நடு அடுக்கை உள்ள விடுங்க, அடுத்த வாய் திறக்கறதுக்கு அரை நொடி முன்னாடி எடுத்துருங்க. வசன டிராக்கைப் பக்கத்துல வெச்சு அலைவடிவத்தைப் பாத்தே எழுதலாம். சைட்செயின் போட்டு, வசனம் வரும்போதெல்லாம் இசை தானா இறங்கற மாதிரி நீங்களே டக் பண்ணித் தராதீங்க. வசன எடிட்ல ஒரு வரி நகந்தாக்கூட உங்க டக்கிங் தப்பான இடத்துல மூச்சு விடும், அதை எங்களால திருப்ப முடியாது.

தியேட்டர்ல வசனம் சென்டர் ஸ்பீக்கர்ல இருந்து வரும். உங்க இசை மோனோவா நடுவுல குவிஞ்சிருந்தா வசனத்து மேலயே விழும். அகலமா, இடமும் வலமும் வேற வேறயா இருந்தா அதே அளவுல வசனம் தெளிவா கேக்கும். வீட்டு ஸ்டீரியோல இந்த வித்தியாசம் தெரியாது, ஏன்னா அங்க எல்லாமே ரெண்டு ஸ்பீக்கர்லதான் வருது. 5.1 பண்ணினா சென்டரைக் காலியா விடுங்க. எல்.எஃப்.இ.யையும் (பேஸுக்கான தனிச் சேனல்) தொடாதீங்க. அந்தச் சேனல் தியேட்டர்ல 10 டெசிபல் கூடுதலா ஒலிக்கும், உங்க அறையில அதைக் கணிக்கவே முடியாது.

இரவுக் காட்சிகள்ல பூச்சிச் சத்தம் பெரும்பாலும் 4, 5 கிலோஹெர்ட்ஸ் பக்கம் ஒரு கோடா ஓடும். அங்க மினுமினுன்னு மேல்ஸ்தாயி வெச்சா ரெண்டும் சேந்து வெறும் இரைச்சலாயிடும். இரவுக்கு மேல் அடுக்கே வேணாம்னு விட்டுருங்க, பூச்சியே அந்த வேலையைப் பாத்துக்கும்.

கீழ்ஸ்தாயி லேப்டாப்ல காணாம போறது இயற்கை, அந்தச் சின்ன ஸ்பீக்கர்ல 200க்குக் கீழ பெருசா எதுவும் வராது. 48 ஹெர்ட்ஸை ஏத்தி ஏத்திப் பாத்தாலும் வராது. டிரோனை நகல் எடுத்து, மேல் ஒலிகளைக் கூட்டுற சாச்சுரேஷன் போட்டு, 200 முதல் 600 வரைக்கும் மட்டும் வடிகட்டி மூலத்தைவிட 15 டெசிபல் கீழ கலந்துருங்க. மேல் ஒலிகளைக் கேட்டா காது அடி ஸ்வரத்தைத் தானே ஊகிச்சுக்கும். ஆனா அதைத் தனி ஸ்டெம்மா கொடுங்க, தியேட்டர் மிக்ஸ்ல அதை இறக்குவோம்.

சின்ன அறையில மெதுவா வெச்சு மிக்ஸ் பண்றவங்க எல்லாருக்கும் ஒரே வியாதி, பேஸ் கூடிடும். குறைஞ்ச சத்தத்துல காதுக்குக் கீழ்ஸ்தாயி சரியா எடுபடாது, அதனால ஏத்துவீங்க. தியேட்டர்ல ஒரு சேனலுக்கு 85 டெசிபல்ல அளவு வெச்சிருப்பாங்க, அங்க அதே பேஸ் சுவரைத் தள்ளும். சின்ன அறைக்கு 76, 78 பக்கம் போதும். பிங்க் நாய்ஸை மைனஸ் 20 டெசிபல்ல ஓட்டி, சி-வெயிட்டிங், ஸ்லோல மீட்டரைப் பாத்து மானிட்டர் குமிழ்ல ஒரு கோடு போட்டுக்கங்க. அப்புறம் அந்தக் குமிழைத் தொடவே கூடாது.

இப்ப ஒப்படைக்கிறது. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், டைம்ஸ்டாம்ப் இருக்கிற வேவ். ஒரு கியூவுக்கு நாலு முதல் ஆறு ஸ்டெம்: அடி, நடு, மேல், துடிப்பு இருந்தா அது, தனி வாத்தியம் இருந்தா அது. எல்லாமே ஒரே இடத்துல ஆரம்பிக்கணும், முன்னாடி அமைதி இருந்தாலும் பரவால்ல. மாஸ்டர்ல லிமிட்டர் வேணாம். முக்கியமா, எல்லா ஸ்டெம்மும் ஒரே கம்ப்ரஸர் வழியாப் போய், நீங்க ஒவ்வொன்னா சோலோ பண்ணி எடுத்தா, திரும்பச் சேக்கும்போது பழைய இசை வராது, ஏன்னா கம்ப்ரஸர் ஒவ்வொரு தடவையும் வேற மாதிரி வேலை செஞ்சிருக்கும். ரிவெர்பும் ஒவ்வொரு ஸ்டெம்முக்கும் தனித்தனி. எடுத்து முடிச்சதும் ஸ்டெம் எல்லாத்தையும் புது புராஜெக்ட்ல போட்டு, முழு மிக்ஸோட ஃபேஸைத் திருப்பி சேருங்க. கிட்டத்தட்ட அமைதி வந்தா சரி. மாடுலேஷன் இருக்கிற எஃபெக்ட் இருந்தா முழு அமைதி வராது, அதுக்குப் பயப்பட வேணாம்.

கடைசி ரிவெர்ப் வாலை வெட்டி அனுப்புறதுதான் நாங்க அதிகமாப் பாக்குற கோளாறு. கியூ முடிஞ்சபின் 10 நொடி சேத்தே ரெண்டர் பண்ணுங்க. கோப்புப் பேர்ல ரீல் எண், ‘எம்’ங்கிற எழுத்து, கியூ எண், ஸ்டெம், வெர்ஷன் இவ்வளவு இருந்தா போதும். ‘ஃபைனல்’, ‘ஃபைனல் புதுசு’ எல்லாம் வேண்டாம்.

நாணல்

மூவருக்கும் மிக்க நன்றி. இரண்டு கேள்வி. ஒன்று, வீட்டுக்குள் எடுத்த வசன டிராக்குகளில் ஒரு ‘ம்’ இருக்கிறது, அனலைசரில் 100இலும் 150இலும் கோடு தெரிகிறது. என் டிரோன் 5 கட்டையில் இருப்பதால் அதனுடன் சேர்ந்து நடுங்குகிறது. இரண்டாவது, எடிட்டர் தந்த வீடியோ நொடிக்கு 23.976 ஃப்ரேம் என்று காட்டுகிறது, தியேட்டருக்குப் போகும் டி.சி.பி. கோப்பு 24இல் என்கிறார்கள். இது இசையைப் பாதிக்குமா?

கார்வை

நடுங்கத்தான் செய்யும். 5 கட்டையின் ஸட்ஜம் 98 ஹெர்ட்ஸ், உறுமல் 100. நொடிக்கு 2 துடிப்பு. டிரோனை 35 சென்ட் ஏற்றினால் இரண்டும் ஒன்றாகிவிடும். மின்சார உறுமலை அப்படியே சுருதிப் பெட்டியாக எடுத்துக்கொள்ளலாம்: 100 ஸட்ஜம் என்றால் 150 துல்லியமான பஞ்சமம், 250 சுத்தமான அந்தரகாந்தாரம். அந்த வீட்டின் விளக்குகளே சுருதி போடுகின்றன. படப்பிடிப்பில் ஜெனரேட்டர் ஓடியிருந்தால் சரியாக 50இன் மடங்காக இருக்காது, காட்சிக்குக் காட்சி மாறவும் மாறும். அதனால் ஒவ்வொரு இடத்திலும் அளந்து பார்க்க வேண்டும்.

ஒரு நிபந்தனை. பம்புசெட் கியூவில் 96, வீட்டுக்குள் 100 என்று வரும். இரண்டு கியூவும் அடுத்தடுத்து வந்தால் நடுவில் அரை நிமிடமாவது அமைதி விடுங்கள், இல்லாவிட்டால் சுருதி விலகியது போல் தோன்றும்.

மிக்ஸ் மேசை

சுருதியை மாத்துறதுக்கு முன்னாடி வசன எடிட்டர்கிட்ட ஒரு வார்த்தை கேளுங்க. 50, 100, 150ல நாட்ச் (அந்த இடத்தை மட்டும் வெட்டுற ஃபில்டர்) போட்டு அந்த ‘ம்’மை எடுத்துடுவாங்க, பெரும்பாலும் அதுதான் அவங்க பண்ற முதல் வேலை. எடுத்துட்டா நீங்க எந்தக் கட்டையிலயும் இருக்கலாம். ஆனா ஆம்பிளைக் குரலோட அடியே 100 பக்கம்தான் இருக்கு. நாட்சை ரொம்ப ஆழமாப் போட்டா குரல் மெலியும், அதனால கொஞ்சம் உறுமலை விட்டே வைக்கிறதும் உண்டு. சுத்தம் செஞ்ச டிராக்கை வாங்கி அதுல வேலை பாருங்க, எடிட்டர் தந்த கைடு டிராக்குல பாக்காதீங்க.

ஃப்ரேம் ரேட் விஷயத்துல அலட்சியம் வேணாம். 23.976க்கும் 24க்கும் வித்தியாசம் ஆயிரத்துல ஒன்னுதான், ஆனா 20 நிமிஷ ரீல்ல 1.2 நொடி தள்ளிப்போகும். 25ன்னா இன்னும் மோசம், 20 நிமிஷம் 19 நிமிஷம் 12 நொடியாச் சுருங்கும், வேகத்தை ஏத்தி மாத்தினா சுருதியும் ஒரு அரைஸ்வரத்துல கிட்டத்தட்ட முக்கால் பங்கு ஏறிடும். உங்க கார்வை சார் சேத்த 96 ஹெர்ட்ஸ் 100 ஆயிடும். டி.சி.பி.க்கு எப்படி மாத்துறாங்கன்னு எடிட்டர்கிட்ட எழுத்துல கேட்டு வாங்குங்க. எல்லாரும் ஒரே எண்ணுல வேலை பாக்கணும், ரீப்பர் புராஜெக்ட் செட்டிங்லயும் அதே எண்.

வீடியோல டைம்கோடு படத்து மேலயே தெரியற மாதிரி பதிச்சுத் தரச் சொல்லுங்க. வாட்ஸ்அப்ல வந்த வீடியோவை வெச்சு வேலை பாக்கவே கூடாது, சுருக்கும்போது ஃப்ரேம் ரேட் மாறிடலாம். எச்.264 கோப்பு இழுத்து இழுத்துப் பாக்கும்போது தடுமாறும், புரோரெஸ் பிராக்ஸியோ டி.என்.எக்ஸ்.ஹெச்.டி.யோ வாங்கிக்கங்க. படம் 01:00:00:00ல ஆரம்பிச்சா 00:59:58:00ல ஒரு ஃப்ரேம் நீளத்துக்கு 1 கிலோஹெர்ட்ஸ் பீப் இருக்கணும். 24 ஃப்ரேம்ல அது 2,000 சாம்பிள். உங்க ஸ்டெம் ரீல் நீளத்துக்குப் போகுதுன்னா கடைசி ஃப்ரேமுக்கு 2 நொடி அப்புறமும் ஒன்னு வெச்சிருங்க. ரெண்டு பீப்பும் சரியா விழுந்துட்டா நடுவுல எதுவும் நகரலன்னு எங்களுக்குத் தெரிஞ்சுடும்.

அளவு கேக்கல, ஆனாலும் சொல்லிடுறேன். கைடு வசனத்தை மைனஸ் 27 எல்.யூ.எஃப்.எஸ். (காதுக்குத் தெரியற சத்தத்தோட அளவு) பக்கம் நிறுத்திட்டு அதுக்குக் கீழ உங்க இசையை எழுதுங்க. நெட்ஃபிளிக்ஸ் வசனத்தை வெச்சு அளக்கிற இலக்கும் அதே மைனஸ் 27தான், 2 கூடலாம் குறையலாம். உச்சம் மைனஸ் 2 ட்ரூ பீக்கைத் தாண்டக் கூடாது. பேச்சுக்கு அடியில ஓடுற டிரோன் வசனத்தைவிட 12 முதல் 15 கீழ இருந்தா எங்களுக்கு வேலை சுலபம்.

ஏட்டுச்சுரை

இசை பற்றி மேலே நிறைவாகவே சொல்லிவிட்டார்கள். சின்னப் படங்களில் விட்டுப்போகிற காகித வேலையைப் பற்றிக் கொஞ்சம்.

ஒப்பந்தத்தில் ‘எல்லா உரிமையும் தயாரிப்பாளருக்கே’ என்று இருந்தாலும், 2012இல் திருத்திய காப்புரிமைச் சட்டத்தின் 18ஆம் பிரிவின்படி, படத்தில் இடம்பெற்ற இசைக்கான ராயல்டி பெறும் உரிமையை இசையமைப்பாளர் விட்டுக்கொடுக்கவோ எழுதிக் கொடுக்கவோ முடியாது. வாரிசுக்கோ, வசூலிப்பதற்காகக் காப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டும் கொடுக்கலாம். திரையரங்கில் படத்தோடு சேர்ந்து ஒலிப்பது இதில் வராது, மற்ற பயன்பாடுகளுக்கு இது பொருந்தும். பாட்டு இல்லை, வெறும் டிரோன்தானே என்று விட வேண்டாம், பின்னணி இசையும் இசைப் படைப்புதான். காப்புரிமைச் சங்கமான ஐ.பி.ஆர்.எஸ்.இல் உறுப்பினராகி, படத்தில் உள்ள இசையின் பட்டியலான கியூ ஷீட்டைப் பதிவு செய்யுங்கள்.

கியூ ஷீட்டுக்கு ஸ்பாட்டிங் தாளே அடிப்படை. கியூ எண், தலைப்பு, நீளம் நிமிட-நொடியில், இசையமைப்பாளர் பெயர், பின்னணியா அல்லது காட்சிக்குள் ஒலிப்பதா. படத்தில் எங்காவது வானொலியில் பழைய பாட்டு ஓடினால் அது தனி வரிசை, அதற்கான அனுமதி தயாரிப்பாளர் பொறுப்பு என்று ஒப்பந்தத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள். மிக்ஸிங் முடிந்த அன்றே கியூ ஷீட்டைத் திருத்துங்கள், ஏனென்றால் கடைசி நேரத்தில் மேசையில் சில கியூ நீண்டிருக்கும், சில போயிருக்கும். மிக்ஸருடைய செஷனிலிருந்து நுழைவு, வெளியேற்றம் இரண்டையும் பார்த்து எழுதினால் ஒரு மணி நேர வேலை. ஆறு மாதம் கழித்து வினியோகஸ்தர் கேட்கும்போது தேடினால் அந்த செஷன் கிடைக்காது.

லாக் ஆன பிறகு எடிட் மாறினால் என்ன கணக்கு என்பதையும் எழுதுங்கள். ‘ஒரு கியூவுக்கு இரண்டு திருத்தம் கட்டணத்துக்குள், அதற்கு மேல் தனி’ என்று ஒரு வரி போதும். மாற்றம் வந்தால் எடிட்டரிடம் புது வீடியோவை மட்டும் வாங்காமல், எந்த டைம்கோடில் எத்தனை ஃப்ரேம் வெட்டினார், எத்தனை சேர்த்தார் என்ற சேஞ்ச் லிஸ்டையும் வாங்குங்கள். தாளம் இல்லாத இசை என்பதால் நடுவில் 14 ஃப்ரேம் போனால் ஒரு கிராஸ்ஃபேடில் மறைத்துவிடலாம். பம்புசெட் நிற்கும் இடம் மாதிரி படத்தோடு கட்டிய நொடிகளை மட்டும் கையால் நகர்த்த வேண்டியிருக்கும். அவற்றுக்கு இப்போதே ரீப்பரில் தனி நிறத்தில் மார்க்கர் போட்டுவையுங்கள்.